கச்சதீவில் என்னதான் இருக்கிறது?

கேட்கப்பட்டது இது: கச்சதீவு எங்கே இருக்கிறது, எவ்வளவு பெரியது, ஆளே இல்லாத தீவுக்கு ஏன் இவ்வளவு இழுபறி, இந்தியா தூக்கிக் கொடுத்ததா அல்லது முதலிலிருந்தே இலங்கையுடையதா, கொழும்பிலிருந்து போய்ப் பார்க்க முடியுமா?

கடைசிக் கேள்விக்கு முடியும் என்பதுதான் பதில். ஆனால் வருடத்தில் இரண்டு நாள் மட்டும். அதன் விவரம் பிறகு வருகிறது. மற்றவற்றைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்ல வேண்டும். இந்தத் தீவைப் பற்றி உலவும் கதைகளில் பல, ஒருவர் எழுதியதைப் பார்த்து இன்னொருவர் எழுதியவை.

முதலில் இடம். வரைபடத்தில் யாழ்ப்பாணத்துக்குத் தென்மேற்கே கண்ணை ஓட்டுங்கள். புங்குடுதீவு, நயினாதீவு எல்லாம் தாண்டித் தனியே ஒதுங்கிக் கிடப்பது நெடுந்தீவு. அதற்கும் இராமேஸ்வரத்துக்கும் இடைப்பட்ட கடலில் ஒரு புள்ளி தெரியும். அதுதான் கச்சதீவு. நெடுந்தீவிலிருந்து சுமார் 24 கிலோமீற்றர், இராமேஸ்வரத்திலிருந்து சுமார் 33 கிலோமீற்றர், யாழ்ப்பாணத்திலிருந்து 62 கிலோமீற்றர் அளவில். கொழும்பில் பலர் இதை மன்னாருக்குப் பக்கத்தில், இராமர் பாலத்து மணல் திட்டுகளில் ஒன்று என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அந்தத் திட்டுகள் இதற்கு வெகு தெற்கே இருக்கின்றன. நிர்வாகப்படி இது யாழ்ப்பாண மாவட்டம், நெடுந்தீவுப் பிரதேச செயலகப் பிரிவு.

அளவைப் பற்றி ஒரு வேடிக்கை சொல்கிறேன். கச்சதீவு 285 ஏக்கர் என்று எழுதுவார்கள். அதே கட்டுரையில், நீளம் 1.6 கிலோமீற்றர், அகலமான இடத்தில் 300 மீற்றருக்குச் சற்று மேல் என்றும் எழுதுவார்கள். பெருக்கிப் பாருங்கள். 1,600 மீற்றரையும் 300 மீற்றரையும் பெருக்கினால் 48 ஹெக்டேயர், அதாவது 120 ஏக்கர்கூட வராது. அதுவும் தீவு பலகை மாதிரி நேர் செவ்வகமாக இருந்தால்தான். 285 ஏக்கர் வரவேண்டுமென்றால் தீவின் சராசரி அகலமே 700 மீற்றரைத் தாண்ட வேண்டும். 285 என்பது தமிழ்நாட்டு வருவாய்த்துறைப் பதிவிலிருந்து வந்த எண். மற்றது வேறெங்கிருந்தோ வந்து அதனுடன் ஒட்டிக்கொண்டது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் அச்சடிக்கிறவர்கள் ஒரு முறையாவது பெருக்கிப் பார்த்திருக்கலாம். நடைக் கணக்கில் சொன்னால், நீளவாக்கில் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு இருபது இருபத்தைந்து நிமிடம். அவ்வளவுதான் தீவு.

இதைவிடப் பெரிய கதை எரிமலைக் கதை. 14ஆம் நூற்றாண்டில் எரிமலை வெடித்துக் கச்சதீவு உருவானது என்று இந்தியப் பத்திரிகைகள் ஒவ்வொரு தேர்தலின்போதும் எழுதுகின்றன, இங்கேயும் அதை அப்படியே எடுத்துப் போடுகிறார்கள். யாழ்ப்பாணக் குடாநாட்டில் கிணறு வெட்டுகிற யாரைக் கேட்டாலும் அடியில் என்ன இருக்கிறது என்று சொல்வார்கள்: சுண்ணாம்புக்கல். மயோசீன் காலத்தில், கோடி வருடங்களுக்கும் முன்னர், ஆழமில்லாத கடலடியில் படிந்த கல் அது. பாக்கு நீரிணைப் பகுதி முழுவதும் அந்தச் சுண்ணாம்புப் படுகையும், அதன் மேல் வளர்ந்த பவளப்பாறையும், நீரோட்டம் கொண்டுவந்து சேர்த்த மணலும்தான். எரிமலைக் குழம்பு வந்து ஆறிய இடம் இப்படி இருக்காது.

தீவு தீவாக ஆன விதம் இன்னும் எளிமையானது. பாக்கு விரிகுடா கடல் என்ற பேருக்குத்தான் கடல், பெரும்பாலான இடங்களில் ஆழம் 15 மீற்றருக்குள். சுமார் 20,000 வருடங்களுக்கு முன், கடைசிப் பனியுகத்தின் உச்சத்தில், கடல்மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட ஏறத்தாழ 120 மீற்றர் கீழே இருந்தது. அப்போது இந்தப் பக்கத்துக்கும் அந்தப் பக்கத்துக்கும் நடுவே கடலே இல்லை, காய்ந்த தரை. பனி உருகிக் கடல் ஏறியபோது தாழ்ந்த இடங்கள் மூழ்கின, கொஞ்சம் மேடாக இருந்தவை தண்ணீருக்கு மேலே தலைகாட்டி நின்றன. நெடுந்தீவும் கச்சதீவும் அப்படி மிஞ்சியவை. தாழ்ந்த தீவு என்பதால் கடல் கொந்தளித்தால் ஒதுங்க இடம் கிடையாது. 1964 டிசம்பரில் தனுஷ்கோடியையே அழித்த புயல் அடித்தது இந்தக் கடலில்தான்.

ஆள் ஏன் குடியேறவில்லை என்றால், தண்ணீர். குடிக்கத்தக்க நன்னீர் ஊற்று இல்லை. பக்கத்து நெடுந்தீவில் தண்ணீர்க் கஷ்டம் இருந்தாலும் கிணறுகள் உண்டு, அதனால் அங்கே பல நூறு வருடங்களாக ஊர் இருக்கிறது. கச்சதீவில் முட்புதர், மணல், காலில் குத்தும் பவளக்கல் துண்டுகள், கரையோரத்தில் சிப்பி ஓடுகள். இரண்டு கரை மீனவர்களும் ஒதுங்க வந்தார்கள், வலையை விரித்துக் காயவைத்தார்கள், சமைத்துச் சாப்பிட்டார்கள், திரும்பிப் போனார்கள். இப்போது கடற்படையினரின் சிறு காவல் முகாம் ஒன்று இருக்கிறது. அவர்களைக் குடியிருப்பவர்கள் என்று கணக்கெடுக்க முடியாது என்பதால், ஆளில்லாத் தீவு என்ற பட்டம் தொடர்கிறது.

நிரந்தரமாக இருப்பவர் அந்தோனியார் மட்டும்தான். 1905இல் இராமநாதபுரம் பக்கத்து நம்புதாளையைச் சேர்ந்த சீனிக்குப்பன் படையாட்சி என்பவர் கோயிலைக் கட்டினார் என்பது இரண்டு கரையிலும் சொல்லப்படும் செய்தி. கட்டியவர் அந்தக் கரைக்காரர், ஆனால் கோயில் யாழ்ப்பாண மறைமாவட்டத்தின் கீழ் வருகிறது. கச்சதீவின் முழு வரலாற்றையும் இந்த ஒரு வரியில் அடக்கிவிடலாம் என்று எனக்குத் தோன்றும். பழைய கோயில் சின்னது. அதன் பக்கத்தில் கடற்படை கட்டிக் கொடுத்த புதிய கோயில் 2016 டிசம்பரில் திறக்கப்பட்டது.

கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலுக்குச் செவ்வாய்க்கிழமை தவறாமல் போகும் கொழும்புக்காரர்களுக்கு ஒரு சந்தேகம் வரும். அந்தோனியார் திருநாள் ஜூன் 13 அல்லவா, கச்சதீவில் மட்டும் ஏன் பெப்ரவரி, மார்ச்சில்? கடலைப் பார்த்தால் காரணம் தெரியும். ஜூனில் சோளகக் காற்று, அதாவது தென்மேற்குக் காற்று, வீசும், கடல் கரடுமுரடாக இருக்கும். மார்கழி, தையில் வடகிழக்கிலிருந்து வாடை. இரண்டுக்கும் நடுவே கடல் படுத்துக்கிடக்கும் சில வாரங்கள்தான், தவக்காலத்தையொட்டி, ஆயிரக்கணக்கான சனத்தைச் சிறு படகுகளில் ஏற்றி இறக்கத் தோதானவை.

சரி, யாருக்குச் சொந்தம்? இங்கேதான் இரண்டு பக்கத்திலும் பாதிப் பாதி சொல்கிறார்கள்.

இந்தியப் பக்கத்து வாதம் இராமநாதபுரம் சேதுபதிகளில் தொடங்குகிறது. 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மதுரை நாயக்கர் சேதுபதிக்குப் பட்டம் கட்டிக் கரையோரத்தைப் பார்த்துக்கொள்ளச் சொன்னார். பிறகு ஆங்கிலேயர் காலத்தில் அது ஜமீன் ஆனது. 1822இல் கிழக்கிந்தியக் கம்பெனி இந்தத் தீவை இராமநாதபுரத்திடமிருந்து குத்தகைக்கு எடுத்தது என்றும், 1880இல் சாயவேர் எடுக்கும் குத்தகைப் பத்திரத்தில் கரையோரக் கிராமங்களோடு கச்சதீவும் சேர்க்கப்பட்டது என்றும் காட்டுவார்கள். சாயவேர் என்பது துணிக்குச் சிவப்பு ஏற்றும் செடியின் வேர். ஜேர்மனியில் செயற்கைச் சாயம் வருவதற்கு முன் அதற்கு நல்ல விலை இருந்தது. இன்றைக்கு அந்தத் தீவில் யாரும் குனிந்து ஒரு வேர்கூடப் பிடுங்கமாட்டார்கள், ஆனால் அந்தக் காலத்துக் குத்தகைச் சீட்டுதான் பிற்காலத்து வக்கீல்களின் முதல் ஆவணம்.

இலங்கைப் பக்கத்து வாதம் வேறு வழியில் வருகிறது. யாழ்ப்பாண இராச்சியம், அதைப் பிடித்த போர்த்துக்கேயர், 1658இல் அவர்களைத் துரத்திய ஒல்லாந்தர், பிறகு ஆங்கிலேயர். நெடுந்தீவை யார் ஆண்டார்களோ அவர்களே கச்சதீவையும் ஆண்டார்கள், கோயில் யாழ்ப்பாண ஆயரின் கீழ் இருந்தது, திருவிழாக் காலத்தில் சுங்கக் காரியத்தைப் பார்த்தது கொழும்பு.

இரண்டுமே ஒரு வகையில் உண்மை, இரண்டுமே போதாதவை. குத்தகைக்கு விட்டவர் ஒரு நிலவுடைமையாளர். அவருக்கு அங்கே சொத்து இருந்தது என்பது அரசின் இறைமைக்குச் சான்றாகிவிடாது. கோயில் எந்த மறைமாவட்டம் என்பதும் அப்படித்தான். இரண்டு கரையையும் ஒரே ஆங்கிலேயன் ஆண்ட காலத்தில் யாருக்கும் இதைத் தீர்த்துவைக்க அவசரம் இருக்கவில்லை.

அவசரம் வந்தது சங்கினாலும் முத்தினாலும்தான். 1921 அக்டோபரில் மதராஸ் அரசின் பிரதிநிதிகளும் இலங்கையின் பிரதிநிதிகளும் கொழும்பில் கூடினார்கள். பாக்கு விரிகுடாவிலும் மன்னார் வளைகுடாவிலும் யார் எதுவரை கடல்படு பொருள் எடுக்கலாம் என்று கோடு போடுவது நோக்கம். இரண்டு கரைக்கும் சம தூரத்தில் கோடு போட்டால் கச்சதீவு மேற்கே போய்விடும் நிலை இருந்தது. இலங்கைத் தரப்பில் தலைமை தாங்கிய சுங்க அதிபர் ஹோர்ஸ்பர்க் அதை ஏற்கவில்லை. கச்சதீவு எங்களுடையது என்று ஆவணங்களைக் காட்டி விடாப்பிடியாக நின்றார். கடைசியில் தீவுக்கு மூன்று மைல் மேற்கே கோடு போட இணங்கினார்கள், இராமநாதபுரத்தின் உரிமைக் கோரிக்கை அப்படியே இருக்கட்டும் என்ற நிபந்தனையோடு. அந்த உடன்பாட்டுக்கு லண்டன் கடைசிவரை ஒப்புதல் கொடுக்கவில்லை. ஆனாலும் நடைமுறையில் கோடு நின்றது. 1974இல் டில்லி ஒரு நாள் காலையில் எழுந்து தீவைத் தாரைவார்த்தது என்று பேசுகிறவர்கள் இந்த ஐம்பத்து மூன்று வருடத்தையும் தாண்டிக் குதித்துவிடுகிறார்கள்.

சுதந்திரத்துக்குப் பிறகு கோப்புகள் மட்டும் பெருத்தன. 1960இல் இந்தியச் சட்டமா அதிபர் செதல்வாட், சான்றுகளை நிறுத்துப் பார்த்தால் தீவு இந்தியாவுடையது என்ற பக்கம்தான் தராசு சாய்கிறது என்று கருத்துச் சொன்னார். அடுத்த வருடமே, 1961 மே மாதத்தில், நேரு கோப்பில் எழுதியது நேர் எதிர்: இந்தச் சின்னத் தீவுக்கு நான் எந்த முக்கியத்துவமும் கொடுக்கவில்லை, உரிமையை விட்டுக்கொடுக்கத் தயங்கமாட்டேன் என்ற பொருளில். அந்தக் குறிப்பு 2024 இந்தியத் தேர்தல் நேரத்தில் வெளியே வந்து பெரும் சத்தம் போட்டது. சத்தம் போட்டவர்களில் பலர் செதல்வாட்டின் கருத்தையும் நேருவின் குறிப்பையும் ஒன்றாக வைத்துக் காட்டியது சரிதான். ஆனால் இந்தியாவின் வக்கீல்களிலேயே எல்லோரும் செதல்வாட் அளவுக்கு உறுதியாக இருக்கவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும்.

பிறகு 1974. ஒப்பந்தம் ஜூன் 26ஆம் திகதி கொழும்பிலும் 28ஆம் திகதி புதுடில்லியிலும் கையெழுத்தானது. அங்கே இந்திரா காந்தி, இங்கே சிறிமாவோ பண்டாரநாயக்க. பாக்கு நீரிணையிலிருந்து இராமர் பாலம் வரை கடலில் கோடு. அந்தக் கோடு கச்சதீவின் மேற்குக் கரைக்கு ஏறத்தாழ ஒரு மைல் அப்பால் போகிறது. தீவின் பெயரைச் சொல்லி இது இலங்கைக்கு என்று ஒப்பந்தத்தில் எழுதவில்லை. கோட்டுக்கு இந்தப் பக்கம் இருப்பதெல்லாம் இலங்கைக்கு, அந்தப் பக்கம் இருப்பதெல்லாம் இந்தியாவுக்கு என்று நான்காம் உறுப்புரை சொல்கிறது, தீவு இந்தப் பக்கம் விழுந்துவிட்டது. கொடுத்தோம் என்ற சொல்லே வராமல் கொடுப்பதற்கு இதைவிட நல்ல வழி கிடையாது. பிற்காலத்தில் இந்திய மத்திய அரசு உச்ச நீதிமன்றத்தில் வாதாடியதும் இதே வழியில்தான்: எல்லை நிர்ணயிக்கப்படாத, சர்ச்சைக்குரிய இடமாக இருந்தது, ஆகவே இந்தியாவின் நிலம் எதையும் நாங்கள் விட்டுக்கொடுக்கவில்லை.

ஐந்தாம் உறுப்புரைதான் இன்றைக்கும் மேடையில் வீசப்படுவது. இந்திய மீனவர்களும் யாத்திரிகர்களும் முன்பு போலவே கச்சதீவுக்கு வந்து போகலாம், அதற்குக் கடவுச்சீட்டோ விசாவோ தேவையில்லை என்கிறது அது. கவனமாகப் படியுங்கள். மீனவர் வரலாம் என்று இருக்கிறது, மீன் பிடிக்கலாம் என்று இல்லை. ஆறாம் உறுப்புரை, இரண்டு நாட்டுக் கலங்களும் மற்றவர் கடலில் வழமையாக அனுபவித்த உரிமைகளைத் தொடர்ந்து அனுபவிக்கும் என்கிறது. வழமையான உரிமையில் மீன்பிடி அடங்கும் என்று தமிழ்நாடு சொல்கிறது, போக்குவரத்து மட்டுமே அடங்கும் என்று கொழும்பு சொல்கிறது. 1974 ஒப்பந்தத்தோடு கதை நின்றிருந்தால் இந்த வழக்கு சுவாரஸ்யமாக இருந்திருக்கும்.

நிற்கவில்லை. 1976 மார்ச் 23ஆம் திகதி மன்னார் வளைகுடாவுக்கும் வங்காள விரிகுடாவுக்கும் இன்னொரு ஒப்பந்தம். அதோடு இரண்டு நாட்டு வெளியுறவுச் செயலாளர்களும், அங்கே கேவல் சிங், இங்கே டபிள்யூ.டி. ஜயசிங்க, கடிதம் பரிமாறிக்கொண்டார்கள். ஒரு நாட்டின் மீன்பிடிக் கலங்களோ மீனவரோ மற்ற நாட்டின் கடலில், வெளிப்படையான அனுமதி இல்லாமல், மீன் பிடிப்பதில்லை. முடிந்தது. அப்போது இந்தியாவில் அவசரகால நிலை. அதே வருடம் ஜனவரி கடைசியில் தமிழ்நாட்டில் கருணாநிதி ஆட்சி கலைக்கப்பட்டிருந்தது. கேட்க அங்கே ஆளில்லை. 1974ஐப் பற்றிப் பேசுகிற சத்தத்தில் பத்தில் ஒரு பங்குகூட 1976ஐப் பற்றிக் கேட்பதில்லை. இராமேஸ்வரத்து மீனவரின் கையிலிருந்து கடலைச் சட்டப்படி எடுத்தது அந்தக் கடிதம்தான்.

அதே கடிதத்தில் இலங்கையும் ஒன்றை இழந்தது என்பதைக் கொழும்பில் யாரும் நினைத்துப் பார்ப்பதில்லை. கன்னியாகுமரிக்குத் தெற்கே வாட்ஜ் பாங்க் என்றொரு வளமான மீன்மேடு இருக்கிறது. ஆங்கிலேயர் காலத்திலிருந்தே இலங்கையின் இழுவைக் கப்பல்கள் அங்கே போய்க் கொழும்புச் சந்தைக்கு மீன் கொண்டுவந்தன. 1976இல் அது இந்தியாவின் பொருளாதார வலயம் ஆனது. ஆறு கப்பலுக்கு மேற்படாமல், வருடத்துக்கு 2,000 தொன்னுக்கு மேற்படாமல், மூன்று வருடத்துக்கு மட்டும் பிடித்துக்கொள்ளுங்கள் என்று சலுகை கொடுத்து, பிறகு கதவைச் சாத்தினார்கள். மீனை மட்டும் நிறுத்துப் பார்த்தால் கச்சதீவைவிட வாட்ஜ் பாங்க் பல மடங்கு பெறுமதியானது.

1974இல் இன்னொன்றும் நடந்தது. அதே இரண்டு தலைவர்களும், அதே வருடம் ஜனவரியில், இன்னொரு உடன்பாட்டுக்கு வந்தார்கள். மலையகத் தமிழரின் குடியுரிமை பற்றிய 1964இன் சிறிமா சாஸ்திரி ஒப்பந்தத்தில் தீர்க்காமல் விட்டுவைத்திருந்த 1,50,000 பேரை ஆளுக்குப் பாதியாக, 75,000 இந்தியாவுக்கு, 75,000 இலங்கைக்கு என்று பிரித்துக்கொண்டார்கள். அவர்களில் யாரிடமும் எந்தப் பக்கம் போக விருப்பம் என்று முதலில் கேட்டுவிட்டுப் பிரிக்கவில்லை. ஆளில்லாத தீவுக்கு அரை நூற்றாண்டாகச் சட்டமன்றத் தீர்மானம், வழக்கு, மேடைப் பேச்சு எல்லாம் உண்டு. ஒன்றரை லட்சம் மனிதரைப் பங்கு போட்டதற்கு அப்படி எதுவும் இல்லை. ஹட்டன் பக்கத்திலிருந்து வந்து கொழும்பில் குடியிருக்கும் குடும்பங்களிடம் கச்சதீவைப் பற்றிப் பேச்சுக் கொடுத்தால் அவர்கள் முகம் போகும் போக்குக்கு இதுதான் காரணம்.

பின்னர் வழக்குகள். 1960இல், மேற்கு வங்காளத்துப் பெருபாரியில் ஒரு பகுதியைப் பாகிஸ்தானுக்குக் கொடுப்பது பற்றிய விவகாரத்தில், இந்திய உச்ச நீதிமன்றம், நாட்டின் நிலத்தை இன்னொரு நாட்டுக்குக் கொடுக்க அரசியலமைப்பைத் திருத்த வேண்டும் என்று சொல்லியிருந்தது. கச்சதீவுக்கு அப்படித் திருத்தம் எதுவும் செய்யவில்லை, ஆகவே ஒப்பந்தம் செல்லாது என்று 2008இல் ஜெயலலிதா வழக்குப் போட்டார். வாதம் கெட்டிக்காரத்தனமானது. ஆனால் அதற்கு முதலில் தீவு இந்தியாவுடையதாக இருந்தது என்று நிறுவ வேண்டும். 2014இல் இந்தியச் சட்டமா அதிபர் முகுல் ரோத்தகி, திரும்ப வேண்டுமென்றால் போருக்குத்தான் போக வேண்டும் என்ற தோரணையில் நீதிமன்றத்தில் பதில் சொன்னார். இன்னொன்றும் இருக்கிறது: இந்திய நீதிமன்றம் என்ன தீர்ப்புச் சொன்னாலும் அது இலங்கையைக் கட்டுப்படுத்தாது.

இனி இன்றைய சண்டை எதைப் பற்றியது என்பது. தீவைப் பற்றியது என்று நான் நம்பவில்லை. நம்பாததற்குக் காரணம் பாலைதீவு. அதுவும் பாக்கு விரிகுடாவில் உள்ள ஆளில்லாத் தீவு, அங்கேயும் அந்தோனியார் கோயில், அங்கேயும் தவக்காலத்தில் திருவிழா, யாழ்ப்பாண மறைமாவட்டம்தான். யாராவது பாலைதீவைப் பற்றி மேடையில் பேசிக் கேட்டிருக்கிறீர்களா? அதன் பக்கத்தில் எல்லைக்கோடு போகவில்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

கோட்டுக்கு மேற்கே என்ன நிலை என்று பாருங்கள். இராமேஸ்வரத்திலிருந்து எல்லைக்கோடு அதிக தூரமில்லை. தமிழ்நாட்டின் 1983ஆம் வருடச் சட்டப்படி விசைப்படகுகள் கரையிலிருந்து மூன்று கடல் மைலுக்குள் தொழில் செய்யக்கூடாது, அது நாட்டுப்படகுகளுக்கு. மிஞ்சுவது ஒரு ஒடுங்கிய பட்டை. அதற்குள் நூற்றுக்கணக்கான விசைப்படகுகள். 1960களிலிருந்து இறால் ஏற்றுமதிக் காசைப் பார்த்து, அரசே கடன் கொடுத்து, கட்டிக் குவித்த படகுகள் அவை. கோட்டுக்கு அந்தப் பக்கம் அவை பிடிக்க இனி மீன் இல்லை, இந்தப் பக்கம் வராமல் டீசல் காசு தேறாது.

இழுவைமடி எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்தால்தான் வடக்குக் கடற்றொழிலாளரின் கோபம் புரியும். பை போன்ற வலை. அதன் வாயை விரித்துப் பிடிக்க இரண்டு பக்கமும் கனத்த பலகைகள். வலையின் அடிக்கயிறு கடலடியில் பட்டுப் பட்டு இழுபடும். ஆழ்கடலில் இழுப்பதே கெடுதல். பத்துப் பன்னிரண்டு மீற்றர் ஆழத்தில், கடற்புல் வளர்ந்த தரையில் இழுத்தால், மீன் குஞ்சு பொரித்து வளரும் இடத்தையே உழுது போட்டுவிடும். வடக்கில் பெரும்பாலானவர்களிடம் இருப்பது வெளியிணைப்பு இயந்திரம் பூட்டிய சின்னக் கண்ணாடியிழைப் படகு. இரவில் வலையை விட்டுவிட்டுக் காத்திருப்பார்கள். றோலர், அதாவது இழுவைமடி இழுக்கும் விசைப்படகு, அதற்கு மேலே போனால் காலையில் கையில் கிடைப்பது அறுந்த நூல். திங்கள், புதன், சனி என்று அந்தப் பக்கத்து விசைப்படகுகள் இறங்கும் நாட்கள் நெடுந்தீவிலும் யாழ்ப்பாணக் கரைகளிலும் எல்லோருக்கும் மனப்பாடம். அந்த நாட்களில் கடலுக்குப் போவதையே விட்டவர்கள் இருக்கிறார்கள்.

போர்க்காலத்தில் இந்த மோதல் வெளியே தெரியவில்லை, ஏனென்றால் வடக்கு மீனவரைப் பல காலம் கடலில் இறங்கவே விடவில்லை. அந்த வருடங்களில் அந்தப் பக்கத்தவர் இந்தக் கடலுக்குப் பழகிவிட்டார்கள், அதுவே வழமை என்றும் ஆகிவிட்டது. 2009க்குப் பிறகு இவர்கள் வலையோடு திரும்பி வந்தபோதுதான் உரசல் ஆரம்பித்தது. 2017இல் இலங்கைப் பாராளுமன்றம் இழுவைமடியை இங்குள்ளவர்களுக்கும் சேர்த்தே தடை செய்தது. கைதுகள், படகுப் பறிமுதல், இராமேஸ்வரத்தில் வேலைநிறுத்தம் என்று அது இன்றுவரை போகிறது. இரண்டு கரையிலும் தமிழர் என்பதால் கொழும்பு ஆங்கிலப் பத்திரிகைகள் இதை அரசாங்கங்களுக்கு இடையிலான சிக்கலாக மட்டும் எழுதிவிட்டுப் போய்விடும். தமிழ்நாட்டுப் பத்திரிகைகள் சிங்களக் கடற்படைக்கும் தமிழ் மீனவருக்கும் நடக்கும் சண்டையாக எழுதும். நடுவில் வலை அறுந்து நிற்கும் யாழ்ப்பாணத்தான் இரண்டிலும் காணாமல் போகிறான்.

நாளைக்கே கச்சதீவு இந்தியாவுக்குப் போனால் என்ன மாறும்? கோடு சில மைல் கிழக்கே நகரும். விசைப்படகுகளுக்குக் கொஞ்ச நாள் மூச்சு கிடைக்கும். பிறகு அந்தத் தரையும் உழுது முடிந்து, நெடுந்தீவுக்குப் பக்கத்தில் இதே சண்டை நடக்கும்.

அரசியல்வாதிகள் விடமாட்டார்கள், அது வேறு விஷயம். 2025 ஏப்ரலில் தமிழ்நாடு சட்டமன்றம் தீவை மீட்கச் சொல்லி மறுபடியும் தீர்மானம் போட்டது. அதே வருடம் ஓகஸ்டில் மதுரையில் நடிகர் விஜய் தன் கட்சி மாநாட்டில் அதே கோரிக்கையை எழுப்பினார். செப்டெம்பர் 1ஆம் திகதி ஜனாதிபதி அநுரகுமார திசாநாயக்க யாழ்ப்பாணம் போனவர், கடற்படைப் படகில் ஏறிக் கச்சதீவில் போய் இறங்கினார். பதவியிலிருக்கும் இலங்கை ஜனாதிபதி ஒருவர் அங்கே கால் வைத்தது அதுவே முதல் தடவை. 2023இல் கடற்படையினர் அங்கே புத்தர் சிலை வைத்தது தெரியவந்தபோது வடக்கில் எழுந்த கோபமும் மறக்கத்தக்கதல்ல. தங்கள் வழிபாட்டுக்கு என்று கடற்படை விளக்கம் சொன்னது. வடக்கில் அதைக் கேட்டுத் திருப்தியடைந்தவர்கள் குறைவு.

இனிப் போவது எப்படி என்று பார்ப்போம். சுற்றுலாப் படகு கிடையாது, நினைத்த நாளில் போக முடியாது. திருவிழாத் திகதியை யாழ்ப்பாண மறைமாவட்டமும் மாவட்டச் செயலகமும் அறிவிக்கும், பெரும்பாலும் தவக்காலத்தில் ஒரு வெள்ளி, சனி. கொழும்பிலிருந்து கோட்டையில் ரயிலோ, இரவு பஸ்ஸோ எடுத்து வியாழக்கிழமையே யாழ்ப்பாணம் போய்விடுங்கள். வெள்ளி விடியற்காலையில் யாழ்ப்பாணத்திலிருந்து குறிகட்டுவான் இறங்குதுறைக்கு விசேட பஸ் ஓடும். அங்கே அடையாள அட்டையைக் காட்டிப் பெயர் பதிந்து, படகுக்கு வரிசை. கடல் பயணம் சில மணி நேரம், வயிறு லேசான ஆள் என்றால் காலையில் கனக்கச் சாப்பிட வேண்டாம்.

வெள்ளி மாலை கொடியேற்றம், சிலுவைப்பாதை, இரவு சொரூபப் பவனி. சனி காலை திருப்பலி, அது முடிந்ததும் எல்லோரும் படகை நோக்கி ஓடத் தொடங்குவார்கள். இராமேஸ்வரத்திலிருந்தும் ஆயிரக்கணக்கில் வருவார்கள். 2024இல் சிறையிலிருந்த மீனவரை விடவில்லை என்று அவர்கள் புறக்கணித்தார்கள், அடுத்த வருடம் திரும்ப வந்தார்கள். ஒரு காலத்தில் இது பாதித் திருவிழா, பாதிச் சந்தை. அந்தப் பக்கத்துச் சேலையும் சாரமும் இந்தப் பக்கத்துச் சவர்க்காரமும் தேங்காய் எண்ணெயும் பணமில்லாமலே கைமாறும். இப்போது சுங்கமும் கடற்படையும் நெருக்கிப் பார்க்கிறார்கள். கடலைப் பொதியோடும் இனிப்போடும் நிற்கிறது. உறவுக்காரரைத் தேடி வருகிறவர்கள் மட்டும் குறையவில்லை. மண்டபம் அகதி முகாமில் வருடக்கணக்காக இருந்த குடும்பங்களின் சொந்தபந்தம் இரண்டு பக்கமும் இருக்கிறது. வெள்ளி பின்னேரம் கோயில் முற்றத்தில் யாருடைய மகள் நீ என்று கேட்கும் குரல்கள் நிறையக் கேட்கும்.

படுக்கை மணலில்தான். ஒரு பாய், போர்வை, தலைக்குத் துணி, இருட்டில் நடக்கக் கைவிளக்கு கொண்டுபோங்கள். செருப்பு கழன்றுவிடாததாக இருக்கட்டும், பவளக்கல் பாதத்தைக் கிழிக்கும். மதுபானம் கொண்டுபோகத் தடை, பிளாஸ்ரிக் பொருளுக்கும் கட்டுப்பாடு. கடற்படை குடிதண்ணீரும் மலசலகூடமும் ஏற்பாடு செய்கிறது, ஆனாலும் ஆளுக்குக் குறைந்தது நான்கைந்து லீற்றர் தண்ணீரைத் தூக்கிக்கொண்டே போங்கள். சனி மத்தியானத்துக்கு முன் கடைசிப் படகுகள் கிளம்பிவிடும். கொழும்புக்கு அன்றிரவே திரும்ப வேண்டியவர்கள் இரவு பஸ்ஸுக்கு முன்கூட்டியே இருக்கை பதிந்து வைப்பது நல்லது, திருவிழா சனிக்கிழமை யாழ்ப்பாணத்தில் கடைசி நேரத்தில் இடம் கிடைக்காது.